சுவீடன் பையனின் தாய்மாமன்

என் குரல் வளரவே இல்லை. வயது ஐம்பதை நெருங்குகிறது. இன்றைக்கும் புதிதாக யாராவது தொலைபேசியில் அழைத்தால், "பாப்பா, வீட்டுல அம்மா இருக்காங்களா?" என்றுதான் கேட்பார்கள். ராவாங்கில் ஒரு தொழிற்சாலையில், சரக்கு அனுப்பும் பிரிவில் எனக்கு வேலை. லோரி எங்கே நிற்கிறது, சாமான் எப்போது வரும் என்று கேட்டு வருகிற அழைப்புகளைப் பக்கத்து மேசைக்காரி வாங்கிப் பேசிவிடுவாள். நான் பேசினால் அந்தப் பக்கத்தில் சிரிப்பு வரும், இல்லையென்றால் சந்தேகம் வரும்.

அந்தக் குரல்தான் எனக்குச் சனிக்கிழமை வேலையைத் தேடித் தந்தது. வெளிநாட்டுச் சிறுவர் தொடர்களுக்குத் தமிழில் குரல் கொடுக்கும் வேலை. ராவாங் டவுனில் துணி வெளுக்கும் டோபி கடை ஒன்றுக்கு மேலே சின்ன ஒலிப்பதிவுக் கூடம் ஒன்று இருக்கிறது. சுவரெல்லாம் கறுப்பு ஸ்பாஞ்சு ஒட்டிய அறை, ஒரு மைக், ஒரு திரை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இயக்குநர். இயக்குநர் என்றதும் பெரிய ஆளாக நினைத்துவிட வேண்டாம். முப்பது வயதுத் தம்பி. வசனத்தைத் திருத்துவது, பதிவு செய்வது, எங்களுக்குத் தேத்தண்ணி வாங்கி வருவது எல்லாம் அவர்தான். கெர்லிங்கில் இருக்கும் என் வீட்டிலிருந்து மோட்டர் சைக்கிளில் கோலா குபு பாரு ஸ்டேஷன் வரை போய், மோட்டரை அங்கே நிறுத்திவிட்டு ரயிலில் ராவாங் போவேன். முயல்குட்டி, குரங்குக்குட்டி, முன்பல் விழுந்த பையன் எல்லாம் நான்தான். சின்னப் பையன்களுக்குப் பெண்கள்தான் குரல் கொடுக்கிறோம் என்பது பலருக்குத் தெரியாது. பையன்களின் குரல் சீக்கிரம் உடைந்துவிடும். எங்களுக்கு அந்தக் கவலை இல்லை.

போன வருடம், வெயில் மண்டையைப் பிளந்த ஒரு சனிக்கிழமையில், தம்பி ஒரு புதுத் தொடரைப் போட்டுக் காட்டினார். திரை முழுக்கப் பனி.

"சுவீடன் நாட்டுதுக்கா. கிறிஸ்மஸ் தொடர். டிசம்பர் ஒண்ணாந்தேதி ஆரம்பிச்சு இருபத்து நாலு வரைக்கும் தெனம் ஒரு பாகம். அங்க வருஷா வருஷம் புதுசா ஒரு கத எடுப்பாங்களாம். பிள்ளைங்க கையில அட்டையில செஞ்ச காலண்டர் இருக்கும். தெனம் ஒரு சின்ன சன்னலத் தெறந்து பாத்துட்டு, அப்புறம் டிவி முன்னால உக்காருவாங்களாம். அப்பா அம்மாவும் கூட உக்காருவாங்களாம்லா. அவங்க சின்ன வயசுலயும் பாத்திருக்காங்க."

எங்களுக்குத் தீபாவளி என்றால் காலையில் எண்ணெய் தேய்த்துக் குளித்துவிட்டுத் தொலைக்காட்சியில் போடுகிற புதுப் படத்தைப் பார்ப்போம். ஒரே நாளில் எல்லாம் முடிந்துவிடும். இவர்கள் ஒரு நாளுக்காக அத்தனை நாள் காத்திருக்கிறார்கள், காத்திருப்பதையே பண்டிகையாக வைத்திருக்கிறார்கள் என்பது எனக்குப் புதிதாக இருந்தது. பகல் மூன்று மணிக்கெல்லாம் இருட்டிவிடுகிற ஊர் என்றார் தம்பி. அப்படிப்பட்ட ஊரில் தினம் ஒரு சன்னல் தேவைப்படும் என்று தோன்றியது.

கதை சின்னதுதான். வடக்கே ஒரு சிற்றூர். ஒன்பது வயதுப் பையன். அவன் அம்மா தண்டவாளத்தில் விழும் பனியைத் தள்ளும் ரயில் எஞ்சினை ஓட்டுகிறவள். அந்த வருடம் பனி அதிகம் என்று இன்னும் வடக்கே அவளை அனுப்பிவிடுகிறார்கள். கிறிஸ்மசுக்கு முன்னால் வந்துவிடுவேன் என்று சொல்லிவிட்டுப் போகிறாள். பையனைப் பார்த்துக்கொள்ள ஒரு தாடிக்கார ஆள் வந்து சேர்கிறான். பெரிய உடம்பு, கொஞ்சப் பேச்சு. அவனும் பையனும் அந்த வீட்டில் எப்படி நாளைக் கழிக்கிறார்கள் என்பதுதான் தொடர். பேய் இல்லை, சண்டை இல்லை, வில்லன் இல்லை. எங்களுக்கு வந்தது ஆங்கில வசனம். அதில் அந்த ஆள் 'அங்கிள்'. தமிழில் எழுதியவர் 'சித்தப்பா' என்று போட்டிருந்தார்.

பையன் நான். சித்தப்பாவாகப் பேசிய பெரியவர் இரண்டு பாகம் முடித்ததும் மகனோடு ஆஸ்திரேலியாவுக்குப் போய்விட்டார். தம்பி தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார்.

"கனமான குரல் வேணும்கா. மொதல் பாகத்துலேருந்தே மறுபடி எடுத்துக்கலாம். யாராச்சும் தெரியுமா?"

எனக்கு என் அண்ணன் ஞாபகம்தான் வந்தது.

அண்ணன் உலு யாமில் இருக்கிறார். பள்ளி வேன் ஓட்டுகிறார். கோயில் திருவிழாவில் மைக் பிடிக்கிற ஆள் என்று அந்தப் பக்கமெல்லாம் அவரைத் தெரியும். காணாமல் போன பிள்ளையை அறிவிப்பதும், தவறான இடத்தில் நிறுத்திய காரின் எண்ணைச் சொல்லி எடுக்கச் சொல்வதும், அன்னதானத்துக்கு அழைப்பதும் அவர் குரல்தான். அண்ணிக்குச் சிறுநீரகம் கெட்டு, நான்கு வருடம் ரத்தம் சுத்தம் செய்து பார்த்தும் பிழைக்கவில்லை. அவர் போன பிறகு அண்ணன் மைக்கைத் தொடவில்லை. பிள்ளைகள் இல்லை. தீபாவளிக்கு எங்கள் வீட்டுக்கு வருவார், தேத்தண்ணி குடிப்பார், போய்விடுவார். நான் வாரம் ஒருமுறை அழைப்பேன்.

"சாப்புட்டியாண்ணே?"

"ம்."

"என்னா சாப்புட்ட?"

"சாப்புட்டேன்."

அவ்வளவுதான். கோபம் எதுவும் இல்லை. பேசுவதற்கு ஒன்றும் இல்லாததுபோல் இருந்தார்.

தொடரைப் பற்றி நான் சொன்னபோது, "எனக்கு என்னாலா தெரியும் அதெல்லாம்" என்று முடித்துவிட்டார். என் மகள் இடைநிலைப் பள்ளியில் படிக்கிறாள், எதற்கும் தயங்காதவள். என் கையிலிருந்து தொலைபேசியைப் பிடுங்கினாள்.

"மாமா, ஒரு தாடிக்காரன். பேசவே மாட்டான். சும்மா உக்காந்துகிட்டே இருப்பான். நீங்கதான் கரெக்ட்."

நான் மகளைப் பார்த்துக் கண்ணை உருட்டினேன். பிறகு அண்ணன் குரல் கேட்டது. "எத்தன மணிக்கு வரணும்?"

அடுத்த சனிக்கிழமை, பள்ளிப் பெயர் ஒட்டிய மஞ்சள் வேனை டோபி கடை வாசலில் நிறுத்திவிட்டு மாடியேறி வந்தார். சட்டையை இஸ்திரி போட்டிருந்தார். காதில் ஹெட்போனை மாட்டிவிட்டு, முதல் வசனத்தைத் தம்பி காட்டினார். 'நான் வந்துட்டேன்' என்பதுதான் வசனம். அண்ணன் நெஞ்சை நிமிர்த்தி ஒரு மூச்சு இழுத்துச் சொன்னார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தம்பி ஹெட்போனைக் கழற்றி வீசியதை நான் பார்த்தேன்.

"அண்ணே, இது கோயில் இல்லண்ணே. மைக்கு உங்க வாய்க்கிட்டதான் இருக்கு. காதுல சொல்ற மாதிரி சொல்லுங்க."

அவருக்கு அது வரவில்லை. ஊருக்கே கேட்கப் பேசிப் பழகியவர். மெல்லப் பேசினால் வாக்கியத்தின் பாதியில் குரல் செத்துவிடும். சத்தமாகப் பேசினால் கருவியின் முள் சிவப்பில் போய் நிற்கும். அறையில் ஏர்கோன் சத்தம் மைக்கில் விழும் என்று பதிவின்போது நிறுத்திவிடுவார்கள். சட்டை முதுகில் ஒட்ட, வியர்வை வழிய, குளிரில் நடுங்குவதுபோல் நாங்கள் பல்லைக் கடித்துப் பேசிக்கொண்டிருந்தோம். அன்றைக்கு ஐந்து வரிகூடத் தேறவில்லை. கிளம்பும்போது, "வேற ஆளு பாத்துக்கச் சொல்லு" என்றார். தம்பி விடவில்லை. "வசனம் இருக்கட்டும்ணே. நாளைக்கு வாங்க, மூச்ச மட்டும் எடுப்போம்" என்றார்.

அதுதான் வழியாக அமைந்தது. அந்தத் தொடரில் தாடிக்காரன் பேசாமல் இருக்கும் நேரம்தான் அதிகம். சன்னல் வழியே பனியைப் பார்ப்பான், விறகு வெட்டுவான், காலணியைக் கழற்றுவான். வசனம் இல்லாவிட்டாலும் அங்கேயும் குரல் வேண்டும். குனியும்போது ஒரு முக்கல், சூடான கோப்பியை உறிஞ்சும் சத்தம், உட்காரும்போது விடுகிற மூச்சு, இவற்றையெல்லாம் தமிழ் ஆள்தான் மறுபடி செய்து கொடுக்க வேண்டும். அண்ணன் திரையைப் பார்த்துக்கொண்டே மூச்சு விட்டார். முதல் தடவையிலேயே பொருந்தியது. இரண்டாவதும் பொருந்தியது. தம்பி என்னைப் பார்த்துக் கட்டை விரலைக் காட்டினார். பேச்சு அப்புறம் தானாக அந்த மூச்சின் அளவுக்கு இறங்கி வந்தது.

ஓர் இடத்தில் மட்டும் எல்லாரும் குழம்பினோம். பையன் ஏதாவது கேட்டால், தாடிக்காரன் வாயைக் குவித்துக் காற்றைச் சட்டென்று உள்ளே இழுப்பான். சூடான குழம்பு நாக்கில் பட்டதுபோல ஒரு சத்தம்.

"இவனுக்கு இழுப்பு நோயா?" என்றார் அண்ணன்.

தம்பி தொலைக்காட்சி அலைவரிசைக்காரர்களைக் கேட்டு எழுதினார். அவர்கள் யாரையோ கேட்டுப் பதில் அனுப்பினார்கள். அந்த நாட்டின் வடக்குப் பக்கத்தில் அதுதான் 'ஆமாம்' என்பதாம். வாயைத் திறந்து சொல்ல வேண்டிய அவசியம்கூட இல்லை. உள்ளே இழுக்கும் காற்றிலேயே சம்மதம் வந்துவிடுகிறது. அண்ணனுக்கு அது மிகவும் பிடித்துப்போனது. அதை அப்படியே விட்டுவிடச் சொன்னார். தமிழ்ப் பிள்ளைகளுக்குப் புரியுமா என்று தம்பி தயங்கினார். "ரெண்டு வாட்டி பாத்தா புரிஞ்சிக்கும்" என்றார் அண்ணன். அதற்குப் பிறகு நான் தேத்தண்ணி வேண்டுமா என்று கேட்டால்கூட அப்படித்தான் காற்றை இழுப்பார்.

ஐந்தாவது பாகமோ ஆறாவதோ பதிவு செய்துகொண்டிருந்தோம். 'சித்தப்பா' என்று நான் கூப்பிடுகிற இடமெல்லாம் உதட்டோடு பொருந்தாமல் இடறிக்கொண்டே இருந்தது. பையனின் உதடு சொல்லின் தொடக்கத்தில் ஒருமுறை மூடுகிறது, நடுவில் இன்னொருமுறை மூடுகிறது. சித்தப்பாவில் கடைசியில்தான் உதடு ஒட்டும். இழுத்துப் பார்த்தேன், சுருக்கிப் பார்த்தேன். ஒத்துவரவில்லை.

அண்ணன் கைகட்டி உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். "இவன் எப்படிலா சித்தப்பனா இருப்பான்?" என்றார்.

"ஏண்ணே?" என்றார் தம்பி.

"அம்மா இல்லாத வீட்டுக்கு வர்றான். வந்ததும் நேரா அடுப்படிக்குப் போறான், பாரு, டம்ளர் எங்க இருக்குன்னு அவனுக்குத் தெரியுது. அந்தப் பொண்ணு போட்டோவ எடுத்துத் தொடச்சி வைக்கறான். புருஷனோட தம்பி அத செய்வானா? இவன் அவ கூடப் பொறந்தவன்யா. தாய்மாமன்."

தம்பி சிரித்தார். நானும் சிரித்தேன். ஆனால் சத்தமில்லாமல் வாயால் சொல்லிப் பார்த்தேன். மாமா. உதடு இரண்டு முறை ஒட்டியது.

அன்றைக்கு மகளும் கூட வந்திருந்தாள். பரீட்சை முடிந்திருந்த வாரம். மூல ஒலியில் அந்தச் சொல்லை மறுபடி மறுபடி போடச் சொல்லிக் கேட்டாள். 'மூர்புரூர்' என்பதுபோல் இருந்தது. தொலைபேசியில் தட்டிப் பார்த்தாள். பிறகு நிமிர்ந்து, "ம்மா, மாமா சொன்னதுதான். அம்மாவோட அண்ணன், இல்லன்னா தம்பி. அப்பாவோட அண்ணன் தம்பிக்கு வேற சொல்லு. அம்மாவோட அம்மாவுக்கு ஒரு பேரு, அப்பாவோட அம்மாவுக்கு ஒரு பேரு. அத்தைக்கும் சின்னம்மாவுக்கும்கூட வேற வேற இருக்கு" என்றாள்.

நாங்கள் அவள் தொலைபேசியை ஆளுக்கு ஆள் வாங்கிப் பார்த்தோம். பனியில் இருக்கிற அந்த மனிதர்களுக்கும் எங்களைப் போலவே யார் யாருக்கு என்ன முறை என்று தனித்தனியாகச் சொல் இருந்திருக்கிறது. வழியில் ஆங்கிலத்தில் ஏறி இறங்கியபோது எல்லாரும் அங்கிள் ஆகிவிட்டார்கள். குறை சொல்ல எனக்குத் தகுதி இல்லை. என் மகளும் நாசி லெமாக் சோறு விற்கிறவரை அங்கிள் என்கிறாள், பேருந்து ஓட்டுகிறவரை அங்கிள் என்கிறாள், தன் அப்பாவின் தம்பியையும் அங்கிள் என்கிறாள். என் அண்ணனை மட்டும்தான் அவள் மாமா என்கிறாள்.

தம்பி அலைவரிசைக்கு எழுதி அனுமதி வாங்கினார். அதற்குப் பிறகுதான் சங்கடம் தொடங்கியது. பையன் நான், தாய்மாமன் அண்ணன். பக்கத்தில் நின்றுகொண்டு என் சொந்த அண்ணனை நான் 'மாமா' என்று கூப்பிட வேண்டும். என் கணவரைக்கூட நான் அப்படிக் கூப்பிட்டதில்லை. முதல்முறை சொன்னதும் அண்ணன் மைக்கைவிட்டு இரண்டடி தள்ளிப் போய்விட்டார்.

"என்னாடி, என்னயப் போயி மாமாங்கற. ஒரு மாதிரி இருக்கு."

"நான் சொல்லலண்ணே. அந்தப் பையன் சொல்றான்."

"ஒன் மூஞ்சியப் பாத்தா பையன் மாதிரியா இருக்கு? அந்தப் பக்கம் திரும்பிக்க."

நான் சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னேன். அப்போதும் அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அண்ணி போன பிறகு அவர் அப்படி வாய்விட்டுச் சிரித்து நான் கேட்டதில்லை. ஏற்கெனவே முடித்த பாகங்களில் சித்தப்பா வரும் இடங்களையெல்லாம் மாற்ற வேண்டியிருந்தது. ஒரு பிற்பகல் முழுக்க நான் அந்த ஒரு சொல்லை மட்டும் சொல்லிக்கொண்டிருந்தேன். கோபமாக மாமா, தூக்கத்தில் மாமா, பனியில் விழுந்து எழுந்து மாமா. கீழே டோபி கடைக்காரம்மா என்ன நினைத்தாரோ தெரியாது.

வாரங்கள் போயின. தொடரில் ஒரு நாள், தொழுவத்தில் குடியிருப்பதாக அங்கே நம்புகிற சின்னக் கிழவனுக்குப் பையன் கஞ்சி வைக்கிற பாகம் வந்தது. சிவப்புத் தொப்பி, வெள்ளைத் தாடி, முழங்கால் உயரம். வீட்டையும் மாட்டையும் காப்பவன், கஞ்சியில் வெண்ணெய் இல்லாவிட்டால் கோபித்துக்கொள்வான். வசனத்தில் 'குள்ளன்' என்று இருந்தது. "இது நம்ம முனியாண்டிதான்லா" என்றார் அண்ணன். எங்கள் அப்பா வேலை செய்த தோட்டத்தில் செம்பனை வரிசை முடிகிற இடத்தில் முனியாண்டி உண்டு. அவருக்குச் சுருட்டு வைப்பார்கள், மறந்தால் டிராக்டர் நின்றுவிடும் என்பார்கள். முனியாண்டி என்று போட முடியாது என்றார் தம்பி. ஒருவழியாக 'காவல்காரர்' என்று வைத்தோம்.

சிரிப்பும் பேச்சுமாகப் போய்க்கொண்டிருந்த வேலை ஒரு சனிக்கிழமை காலையில் நின்றுபோனது.

அந்தப் பாகத்தில் பனிப்புயல் அடிக்கிறது. தொலைபேசிக் கம்பிகள் அறுந்து, அம்மாவிடமிருந்து அழைப்பு வருவது நின்றுவிடுகிறது. பையன் படுக்கையில் உட்கார்ந்து கேட்கிறான்: "மாமா, அம்மா வரலைன்னா?" தாடிக்காரன் நெடுநேரம் பேசாமல் இருக்கிறான். பிறகு ஏதோ சொல்கிறான். தமிழ் வசனத்தில், 'கண்டிப்பா வருவாங்க, கவலப்படாத' என்று இருந்தது.

நான் என் வரியைச் சொன்னேன். அண்ணன் வாயைத் திறக்கவில்லை. தம்பி மறுபடி ஓடவிட்டார். மறுபடியும் அண்ணன் பேசவில்லை. பிறகு ஹெட்போனைக் கழற்றினார்.

"இங்கிலீசுல என்னா போட்டிருக்கு?"

தம்பி பார்த்துச் சொன்னார். "எனக்குத் தெரியாது, ஆனா நான் இங்க இருக்கேன்னு போட்டிருக்குண்ணே. சின்னப் பிள்ளைங்க பாக்கறது, பயந்திரும்னு எழுதினவரு மாத்தியிருக்காரு."

"அவன் சொல்லாதத நான் எப்படிலா சொல்றது?"

"அண்ணே, பிள்ளைங்க..."

"அந்த நாட்டுப் பிள்ளைங்க மட்டும் பிள்ளைங்க இல்லயா? அதுங்க கேக்குதுல்ல?" குரல் உயரவில்லை. காதில் சொல்வதுபோல்தான் சொன்னார். "வருவான்னு இவனுக்கே தெரியாது. தெரியாதத சொல்லிட்டு, வரலன்னா அப்புறம் அந்தப் பையன் மூஞ்சிய எப்படிப் பாப்பான்?"

தம்பி கண்ணாடி வழியாக என்னைப் பார்த்தார். நான் தலையசைத்தேன். "சரிண்ணே. உங்களுக்கு எப்படி வருதோ அப்படிச் சொல்லுங்க" என்றார்.

படம் ஓடியது. நான் கேட்டேன். திரையில் அந்த ஆள் சும்மா இருக்கும் நேரம் முழுக்க என் பக்கத்தில் அண்ணனின் மூச்சு மட்டும் கேட்டது. பிறகு சொன்னார்: "தெரியலடா. நான் இருக்கேன்ல."

அடுத்து பையன் ஏதோ சொல்ல வேண்டும். எனக்கு மூக்கை உறிஞ்சும் சத்தம் மட்டும்தான் வந்தது. தம்பி அதை அப்படியே வைத்துக்கொண்டார். பையன் அழப்போகிற இடம்தானே, பொருத்தமாக இருக்கிறது என்றார்.

அன்றைக்கு அண்ணன் என்னை ரயிலில் போக விடவில்லை. வேனில் ஏறச் சொன்னார். பிள்ளைகள் மிட்டாய்க் காகிதம் திணித்து வைத்திருந்த முன்சீட்டில் உட்கார்ந்தேன். செரண்டாவைத் தாண்டினோம். பத்தாங் காலி சிவப்பு விளக்கில் நின்றபோது, முன்னால் நின்ற லோரியைப் பார்த்துக்கொண்டே பேசத் தொடங்கினார்.

"ஒங்கண்ணி ஒரு நாளு கேட்டா. ஆஸ்பத்திரியில மெஷின் போட்டு வீட்டுக்குத் திரும்புறோம், இதே சீட்டுல உக்காந்திருக்கா. 'நான் இல்லன்னா நீங்க என்னா பண்ணுவீங்க'ன்னு கேட்டா."

நான் அவரைப் பார்த்தேன்.

"'பைத்தியமா ஒனக்கு, எல்லாம் சரியாயிரும்'னு சொன்னேன். அவ அப்புறம் ஒண்ணும் கேக்கல. அவளுக்குத் தெரியும்லா சரியாவாதுன்னு. பேசணும்னுதான் கேட்டிருக்கா. நான் அவ வாய மூடிட்டேன்."

விளக்கு பச்சையானது. பின்னால் யாரோ ஹாரன் அடித்தார்கள். அண்ணன் வண்டியை எடுத்தார்.

"எல்லாரும் அப்படித்தான் சொல்லுவோம்ணே" என்றேன்.

"எல்லாரும் சொல்லலாம். நான் சொல்லியிருக்கக் கூடாது."

ஆறுதலாக ஏதாவது சொல்ல வாய் துடித்தது. நான் சொல்லவில்லை. காலையில் அந்த அறையில் நடந்ததற்குப் பிறகு, இப்போது ஏதாவது சொன்னால் அது அந்தத் திருத்திய வசனம் மாதிரிதான் இருக்கும் என்று பட்டது. சாலையின் இரண்டு பக்கமும் செம்பனை ஓடிக்கொண்டிருந்தது. கோலா குபு பாரு வரைக்கும் அண்ணியைப் பற்றியே பேசினார். அவர் பொரிக்கும் கருவாட்டின் வாசம் பக்கத்து வீட்டுச் சீனத்திக்குப் பிடிக்காமல் போனது, பிறகு அதே சீனத்தி தட்டோடு வந்து நின்றது, ஆஸ்பத்திரிக்குப் போகிற நாளிலும் பொட்டுக்கு நேரம் எடுத்துக்கொண்டது. ஸ்டேஷன் வாசலில் வண்டியை நிறுத்திய பிறகும் பேச்சு முடியவில்லை. நான் இறங்கவில்லை. ஒரு ரயில் வந்து போனது.

டிசம்பரில் தொடர் ஒளியேறியது. தினம் மாலை ஆறு மணிக்கு. அண்ணன் பகலில் எங்காவது போய்விட்டு, ஆறு மணிக்குள் கெர்லிங்கில் எங்கள் வீட்டு வாசலில் வேனை நிறுத்திவிடுவார். பக்கத்து வீட்டு அக்காள் தங்கை இருவரும், ஆறும் எட்டும் வயது, எங்கள் வீட்டில்தான் பார்ப்பார்கள். முதல் நாளே இளையவள் அண்ணனைத் திரும்பிப் பார்த்தாள். பிறகு திரையைப் பார்த்தாள். மறுபடி அண்ணனைப் பார்த்தாள். "இந்த மாமா டிவிக்குள்ள இருக்காரு" என்றாள். நானும் அதற்குள் இருக்கிறேன் என்று சொன்னதை அவள் நம்பவே இல்லை.

தன் குரலைக் கேட்பது அண்ணனுக்குக் கூச்சமாக இருந்தது. அவர் பேசும் காட்சியில் எழுந்து தண்ணீர் குடிக்கப் போய்விடுவார். புயல் பாகம் வந்த அன்றைக்கு மட்டும் போகவில்லை. 'தெரியலடா' என்று திரையில் சொன்னபோது பிள்ளைகள் பயப்படுகிறார்களா என்று நான் பார்த்தேன். பெரியவள் தங்கையின் தோளில் கையைப் போட்டுக்கொண்டாள். அவ்வளவுதான்.

கடைசி நாள் வந்தது. பிற்பகலிலிருந்தே மழை. ஆறு மணிக்கு நல்ல இடியோடு பிடித்துக்கொண்டது. பையனும் மாமாவும் ரயில் மேடையில் நிற்கிறார்கள். பனி கொட்டுகிறது. தூரத்தில் ஒரு வெளிச்சம் தெரிகிறது. அந்த இடத்தில் படம் கட்டம் கட்டமாக உடைந்து, நீலமாகி, சிக்னல் இல்லை என்ற எழுத்து மட்டும் நின்றது.

பிள்ளைகள் இருவரும் கத்தினார்கள். மகள் எழுந்து பெட்டியைத் தட்டினாள், மூடித் திறந்தாள். மழை பெய்தால் இந்த டிஷ் இப்படித்தான் என்று எல்லாருக்கும் தெரியும். தெரிந்து என்ன செய்வது? இத்தனை நாள் காத்திருந்த பிள்ளைகள்.

"அம்மா வந்தாங்களா இல்லயா?" சின்னவள் அண்ணனின் முழங்காலைப் பிடித்து உலுக்கினாள். "நீங்கதான் உள்ள இருந்தீங்கல்ல, சொல்லுங்க."

அண்ணன் என்னைப் பார்த்தார். நாங்கள் வசனத்தை மனப்பாடம் செய்கிறவர்கள் இல்லை. திரையில் எழுத்து ஓடும், பார்த்துச் சொல்லிவிட்டு மறந்துவிடுவோம். ஆனால் அண்ணன் தொண்டையைச் செருமினார். பிள்ளைகளை அருகில் இழுத்து உட்கார வைத்துக்கொண்டார்.

"வெளிச்சம் கிட்ட வருது. பனி எஞ்சின்தான். கூரை மேலெல்லாம் பனி. மொதல்ல ஒரு ஆளு எறங்குறான். அது அம்மா இல்ல."

"அய்யோ" என்றாள் சின்னவள்.

"ரெண்டாவதும் ஒருத்தன் எறங்குறான். பையன் மாமா கையப் புடிச்சிக்கறான். இந்தா, இப்படி." என் பக்கம் கையை நீட்டினார். நான் பிடித்துக்கொண்டேன். "என்னாடா கேட்ட?" என்றார் என்னிடம்.

"மாமா, அம்மா வந்ததும் நீங்க போயிருவீங்களா?" என்றேன், பையன் குரலில்.

பிள்ளைகள் இருவரும் வாயைப் பிளந்து என்னைப் பார்த்தார்கள். அப்போதுதான் நம்பினார்கள்.

"போவேன்டா. என் வீட்டுலயும் வெளக்கு ஏத்தணும்ல. ஆனா நெனச்சா வந்துருவேன். ரொம்பத் தூரம் இல்ல" என்றார் அண்ணன்.

வசனத்தில் அப்படி இல்லை. வசனத்தில் தாடிக்காரன் காற்றை உள்ளே இழுத்துவிட்டுப் பையனின் தொப்பியைச் சரிசெய்வான், அவ்வளவுதான். அம்மா இறங்குவதையும் பையன் ஓடுவதையும் அண்ணன் சொல்லி முடித்தார். அம்மா பேச வேண்டிய இடத்தில் நான் பேசினேன். என் குரலில் அம்மாவும் பையனும் ஒரே மாதிரி இருந்ததால் மகள் சிரித்துச் சிரித்துச் சோபாவில் சாய்ந்துவிட்டாள். படம் திரும்பியபோது பனியின் மேல் பெயர்கள் ஓடிக்கொண்டிருந்தன.

"மாமா சொன்ன மாதிரியேதான் முடிஞ்சுச்சா?" என்று பெரியவள் என்னைக் கேட்டாள்.

"ஏறக்குறைய" என்றேன்.

மழை விட்டதும் அண்ணன் கிளம்பினார். வாசலில் செருப்பைப் போட்டுக்கொண்டே, "நாளைக்கு லீவுதான? மத்தியானம் உலு யாமுக்கு வாங்க. சாப்புடலாம்" என்றார்.

அண்ணி போன பிறகு அந்த வீட்டில் நாங்கள் யாரும் சாப்பிட்டதில்லை. வாங்கிக்கொண்டு போய்க் கொடுத்துவிட்டு வருவோம். அவரும் உட்காரச் சொன்னதில்லை.

மறுநாள் நானும் மகளும் போனோம். கணவர் லோரியோடு ஈப்போவில் இருந்தார். முன்கதவு திறந்திருந்தது, அடுப்படியில் ரேடியோ பாடிக்கொண்டிருந்தது. அண்ணன் பனியனோடு நின்று சார்டின் மீன் குழம்பைக் கிண்டிக்கொண்டிருந்தார். சோறு கொஞ்சம் குழைந்துவிட்டது என்று முன்கூட்டியே சொன்னார். முட்டைக்கோஸ் பொரியலில் மிளகாய் தூக்கலாக இருந்தது. மேசையில் நான்கு தட்டுகள் வைத்திருந்தார்.

"அவரு இன்னிக்கு வரலண்ணே" என்றேன்.

"தெரியும். அது மாப்ளைக்குக் கட்டிக் குடுக்கறதுக்கு. மறந்துருவேன்னு எடுத்து வச்சேன்." சோற்றுச் சட்டியைக் கொண்டுவந்து வைத்துவிட்டு, எங்கள் இருவரையும் பார்த்தார். "உக்காருங்க. சூடா இருக்கு."

உட்கார்ந்தோம். அவர் பரிமாறினார்.